சுவரில் தொங்கிய துப்பாக்கி

தலைவர் ஐயா அவர்களே, நாகலூர், வாழவந்தி, செம்மநத்தம் பக்கமிருந்து வந்திருக்கிற ஊர்க்கவுண்டர்களே, சேலத்திலிருந்து 20 கொண்டை ஊசி வளைவு ஏறி ஏற்காட்டுக்கு நேரத்துக்கு வந்துவிட்ட வருவாய்த்துறை அதிகாரிகளே, காவல்துறை நண்பர்களே, காலையிலிருந்து அடுப்படியில் நிற்கிற மகளிர் குழுச் சகோதரிகளே, எல்லோருக்கும் வணக்கம்.

துப்பாக்கி மேல் மனிதனுக்கு ஏன் இவ்வளவு பிடிப்பு? பயம், பெருமை, பழக்கம் என்று மூன்று காரணம் சொல்லலாம் என்று வந்தேன். அமெரிக்காவில் 1791-லேயே துப்பாக்கி வைத்திருப்பதை அரசியல் சாசனத்தில் உரிமையாக எழுதிவிட்டார்கள், இன்று அங்கே ஆட்களைவிடத் துப்பாக்கிகள் அதிகம். நமக்கு 1959-ம் வருட ஆயுதச் சட்டம். உரிமம் இல்லாமல் வைத்திருந்தால் குற்றம். ஆனால் பயிரைக் காக்க நிஜமாகவே தேவைப்பட்டால், குழல் வாய் வழியாக மருந்து கெட்டிக்கிற துப்பாக்கிக்கு உரிமம் தர அதே சட்டத்தில் இடம் இருக்கிறது. வல்லவனுக்குப் புல்லும் ஆயுதம் என்றாலும், புல்லை நம்பி யார் ராத்திரிக் காவலுக்குப் போவார்கள்?

சரி, பழக்கத்துக்கு வருகிறேன். என் தாய்மாமன் வீட்டு அடுப்படிச் சுவரில் ஒரு நாட்டுத் துப்பாக்கி தொங்கியது. அவர் அப்பா வைத்திருந்தது, உரிமம் கிடையாது. ஆயுத பூஜைக்குக் கொடுவாளோடு அதற்கும் சந்தனம், குங்குமம். காட்டுமாடு காபிச் செடியை மிதித்தால் வானத்தைப் பார்த்து ஒரு வெடி, அவ்வளவுதான். ஒப்படைத்தால் வழக்கு இல்லை என்று போலீஸ் தண்டோரா போட்டதும், முதல் நாள் ராத்திரி உட்கார்ந்து குழலுக்குத் தேங்காய் எண்ணெய் தடவி, பழைய வேட்டியில் சுற்றினார். "செத்தவங்களைக் குளிப்பாட்டுற மாதிரி பண்றீங்களே" என்று அத்தை அழுதது. கொடுத்துவிட்டு வந்தவர் சுவரையே பார்த்துக்கொண்டிருந்தார். கரி படிந்த சுவரில் துப்பாக்கி இருந்த இடம் மட்டும் நீளமாக வெள்ளையாக இருந்தது. அந்த ஆணியில் குடையை மாட்டினார், வெள்ளை மறையவில்லை. "போனது போகட்டும்டா, இனி மாடு இறங்கினா எதைத் தூக்கிக்கிட்டு வெளியே போவேன்?" என்றார்.

அந்தக் கேள்விக்கு இன்னும் யாரும் பதில் சொல்லவில்லை. வல்லவனுக்குப் புல்லும் ஆயுதம்தான், அந்தப் புல்லையும் காட்டுமாடு மேய்ந்துவிட்டால்? பெருமையைப் பற்றி இன்னொரு நாள் பேசுவோம். அதிகாரிகளிடம் கேட்பது இதுதான். துப்பாக்கியை வாங்குகிற அதே மேஜையில் பயிர்ச் சேத மனுவையும் வாங்குங்கள், 30 நாளில் பணம் கொடுங்கள், காட்டோரத் தோட்டங்களுக்குச் சூரிய மின்வேலி போடுங்கள். மனு மேடைக்கு வலப்பக்கம் இருக்கிறது, கையெழுத்தோ கைநாட்டோ வைத்துவிட்டுச் சாப்பிடப் போங்கள்.