கட்டிலிலிருந்து விழாத கனவு

[திரையில்: வெள்ளைத் தாள். ஒரு பேனா கோடு இழுக்கிறது.]

1914, பிப்ரவரி. சிகாகோவில் ஒரு அரங்கம். மேடையில் சாட்டையோடு ஒருவர், பின்னால் திரையில் அவர் வரைந்த டைனோசர், ஜெர்ட்டி. காலைத் தூக்கச் சொன்னால் தூக்குகிறது, அதட்டினால் அழுகிறது. அவர் ஒரு ஆப்பிளைக் காட்டித் திரையை நோக்கி வீசுகிறார். ஜெர்ட்டி லபக்கென்று கவ்விக்கொள்கிறது! கையில் இருந்தது அட்டை ஆப்பிள். வீசுவதுபோல் பாவனை செய்து மறைத்துவிட்டார். வாய்க்குள் போனது வரைந்த ஆப்பிள். கடைசியில் அவரே திரைக்குப் பின்னால் நழுவ, அதே நொடியில் கோட்டுருவமாகப் படத்துக்குள் வந்து ஜெர்ட்டியின் முதுகில் ஏறிப் போகிறார்.

[திரையில்: பழைய நாளிதழ்ப் பக்கம்.]

அவர் வின்சர் மெக்கே. 1905 முதல் நியூயார்க் ஹெரால்டு பத்திரிகையில் நீமோ என்ற சிறுவனின் கனவுகளைச் சித்திரக்கதையாக வரைந்தவர். ஒரு வாரம் கட்டிலுக்குக் கால் நீண்டு, அது ஊர்க் கூரைகளைத் தாண்டி நடக்கும். எங்கே சுற்றினாலும் கடைசிக் கட்டத்தில் பையன் தன் அறையில் விழித்துக்கொள்வான், பல நேரம் கட்டிலிலிருந்து விழுந்து. கனவுக்கு அதுதான் வாசல்.

1911-இல் சுமார் 4000 படங்கள் வரைந்து நீமோவைத் திரையில் அசைய வைத்தார். அதில் கோடுகள் கூடி நீமோ உருவாகிறான். அப்புறம் அவனே இளவரசியை வரைகிறான்!

[திரையில்: இரவு நேரத் தெரு.]

சரி, அந்த வாசலையே எடுத்துவிட்டால்? 2006-இல் ஜப்பானிய இயக்குநர் சடோஷி கோன் ‘பாப்ரிகா’ என்ற அனிமேஷன் படத்தில் செய்தது அதைத்தான். கட்டடத்துக்குள் நீண்ட தாழ்வாரத்தில் ஓடும் துப்பறிவாளரின் காலடியில் தரை அலைபோல் நெளிகிறது. ஃபிரிட்ஜ், பொம்மை, வாத்தியம் வாசிக்கும் தவளை எனக் கனவின் ஊர்வலம் ஒருவர் தலையில் தொடங்கி, முடிவில் நகரத்துத் தெருவுக்கே வந்துவிடுகிறது. கேமராவில் எடுத்த தரை நெளிந்தால் ‘கிராஃபிக்ஸ்’ என்று கண் கண்டுபிடித்துவிடும். இங்கே விழிப்பில் இருக்கும் தரையும் வரைந்தது, கனவில் இருக்கும் தரையும் வரைந்தது. எங்கே மாறியது என்று பிடிக்கவே முடியாது. என்னைக் கேட்டால், கோனின் துணிச்சல் ஊர்வலத்தில் இல்லை, இந்தத் தரையில்தான்.

[திரையில்: ஜெர்ட்டி, பாறைகள்.]

மறுபடி ஜெர்ட்டியைப் பாருங்கள். இந்த முறை பின்னால் இருக்கும் பாறைகளை. ஒவ்வொரு தாளிலும் ஒரு உதவியாளர் அவற்றைப் புதிதாகப் படியெடுத்தார். அதனால் அசையக்கூடாத பாறையும் லேசாக நடுங்கிக்கொண்டே இருக்கிறது.