என் வாசலுக்கு யாரு காவல்?

வணக்கம் மக்களே. இன்னிக்கு கொஞ்சம் மெதுவாத்தான் பேசுவேன். மேல பாருங்க, மாடிப்படி திரும்புற இடத்துல வெள்ளையா ஒரு உருண்டை தெரியுதா? அது ஹவுஸ் ஓனரோட கேமரா. அதுல மைக், ஸ்பீக்கர் எல்லாம் இருக்கு. இப்ப நான் இப்படி நகர்ந்தா... ஆங், அதுவும் திரும்புது பாருங்க!

போன வாரம் ஷிஃப்ட் முடிஞ்சு வர லேட்டாயிடுச்சு. மறுநாள் காலைல ஹவுஸ் ஓனர் ஆன்ட்டி போன். "என்னம்மா, நேத்து பதினொன்னே முக்காலுக்கு மாடிக்கு வந்த பையன் யாரு?" பிரியாணி கொண்டு வந்த டெலிவரி தம்பிங்க! ஆன்ட்டி ஒரு மாசமா மதுரையில பொண்ணு வீட்டுல இருக்காங்க. அங்க இருந்தே போன்ல பார்த்திருக்காங்க.

சென்னைக்கு கேமரா ஒண்ணும் புதுசில்ல. போலீஸோட 'மூன்றாவது கண்' திட்டத்துல 50 மீட்டருக்கு ஒரு கேமரான்னு கடைக்காரங்க, குடியிருப்போர் சங்கம் எல்லாரையும் கைக்காசு போட்டு மாட்ட வெச்சாங்க. சர்ஃப்ஷார்க்னு ஒரு விபிஎன் கம்பெனி 2020ல எடுத்த கணக்குல, சதுர கிலோமீட்டருக்கு 657 கேமரான்னு உலகத்துலயே நம்ம ஊர்தான் ஃபர்ஸ்ட்டா இருந்துச்சு. செயின் பறிப்பு கேஸ்ல உதவுது, நான் இல்லேங்கல. ஆனா என் பிரியாணி என்ன கேஸ்?

சட்டத்துல ஏதாவது இருக்கான்னு தேடினேன். 2017 ஆகஸ்ட் 24, சுப்ரீம் கோர்ட்ல புட்டசாமி வழக்கு. அந்தரங்கம் அடிப்படை உரிமைன்னு 9 ஜட்ஜும் ஒருமனதா சொல்லியிருக்காங்க. அது முக்கியமா அரசாங்கத்தைக் கட்டுப்படுத்துறது. சரின்னு 2023 டேட்டா பாதுகாப்புச் சட்டத்தைப் பார்த்தா, தனிநபர் சொந்த, வீட்டு உபயோகத்துக்கு அடுத்தவங்க தகவலை எடுத்தா சட்டம் பொருந்தாதாம். இது யாரு வீட்டு உபயோகம்? மாசம் பொறந்தா 14 ஆயிரம் வாடகை நான்ல குடுக்குறேன்!

கேமரா மாட்டின அண்ணன்கிட்ட கேட்டேன். "செட்டிங்ஸ்ல பிரைவசி மாஸ்க்னு இருக்கும்மா. உங்க கதவு மேல மட்டும் கறுப்புக் கட்டம் போட்டுடலாம், ரெண்டு நிமிஷ வேலை. ஆனா பாஸ்வேர்டு ஓனர்கிட்ட இருக்கே"ன்னாரு. ஆன்ட்டிகிட்ட கேட்டா, "எல்லாம் உன் பாதுகாப்புக்குத்தான்மா." நல்ல மனுஷிதாங்க, ஊறுகா எல்லாம் குடுப்பாங்க, அதான் சண்டையும் போட முடியல. ஞாயித்துக்கிழமை வர்றாங்க, நேர்லயே...

(மேலிருந்து கரகரன்னு ஒரு குரல்: "யார்கூடம்மா தனியா பேசிட்டிருக்க?")

ஆன்ட்டி... வீடியோ எடுக்குறேன் ஆன்ட்டி!