தன் சம்பாத்தியத்தில் வாழ்ந்த நடிகை எலிசபெத் இன்ச்பால்ட்

எல்லோருக்கும் வணக்கம். ஜேன் ஆஸ்டினின் 'மேன்ஸ்ஃபீல்ட் பார்க்' படித்தவர்களுக்கு ஒரு காட்சி நினைவிருக்கும். வீட்டுப் பெரியவர் வெளிநாடு போயிருக்கும் நேரம் பார்த்து இளசுகள் எல்லாம் சேர்ந்து ஒரு நாடகம் போடக் கிளம்புவார்கள், ஒத்திகை சூடு பிடிக்கிற நேரத்தில் அவர் வந்து நின்றுவிடுவார். அவர்கள் ஒத்திகை பார்த்த நாடகம் கற்பனை இல்லை, 1798இல் லண்டன் கவென்ட் கார்டன் அரங்கில் உண்மையிலேயே ஓடி வசூலை அள்ளிய நாடகம். ஜெர்மன்காரர் கோட்செபூவின் மூலத்தை ஆங்கில மேடைக்கு மாற்றி எழுதியவர் எலிசபெத் இன்ச்பால்ட். இத்தனைக்கும் அவருக்கு ஜெர்மன் தெரியாது. யாரோ செய்து கொடுத்த வார்த்தைக்கு வார்த்தை மொழிபெயர்ப்பை வைத்துக்கொண்டு அவர் எழுதியதுதான் அந்தக் காலத்து ஊரே பார்த்த நாடகமாகிவிட்டது. இன்றைக்கு அவரை அந்த நாவலின் அடிக்குறிப்பில் மட்டும்தான் பார்க்க முடிகிறது என்பதில் எனக்கு நெடுநாள் வருத்தம் உண்டு, அதனால்தான் இந்தத் தலைப்பையே கேட்டு வாங்கினேன்.

1753இல் இங்கிலாந்தின் கிழக்கே சஃபோக் வட்டாரத்தில், ஸ்டானிங்ஃபீல்ட் என்ற சின்ன ஊரில், ஒரு விவசாயி வீட்டில் பிறந்தார். கத்தோலிக்கக் குடும்பம். அன்றைய இங்கிலாந்தில் கத்தோலிக்கர் என்றால் ஓட்டு கிடையாது, அரசாங்க உத்தியோகம் கிடையாது. அப்பா சீக்கிரமே போய்விட்டார், அம்மா நிறையப் பிள்ளைகளோடு பண்ணையைப் பார்த்துக்கொண்டார். எலிசபெத்துக்குப் பேச்சு திக்கும். பள்ளிக்கூடம் போனதில்லை. பின்னாளில் அவரே எழுதியிருக்கிறார்: அண்ணன் ஏழு வருஷம் பள்ளிக்கூடம் போனான், கடைசிவரை எழுத்துப் பிழை இல்லாமல் எழுத வரவில்லை, யாரும் சொல்லிக்கொடுக்காமலே எனக்கும் என் அக்கா தங்கைகள் இருவருக்கும் சின்ன வயதிலேயே அது வந்துவிட்டது என்று. இதைப் படிக்கும்போது எனக்குப் பெருமையும் கோபமும் ஒன்றாக வரும்.

அந்த அண்ணன் நாரிச் நகரத்து நாடகக் கம்பெனியில் சேர்ந்தார், தங்கைக்கும் மேடை ஆசை பிடித்துக்கொண்டது. திக்குகிற பெண் நடிக்கப் போகிறேன் என்றால் வீட்டில் என்ன சொல்வார்கள்? 1772 ஏப்ரலில், 18 வயதில், யாரிடமும் சொல்லாமல் நாலு துணிகளை எடுத்துக்கொண்டு லண்டன் வண்டியில் ஏறிவிட்டார். அழகான பெண், தனியாக வந்திருக்கிறாள், நாடகத்தில் இடம் கேட்கிறாள். இடம் வாங்கித் தருகிறேன் என்று வந்தவர்கள் என்ன எதிர்பார்த்தார்கள் என்பதை நான் விளக்க வேண்டியதில்லை. ஜேம்ஸ் டாட் என்ற பேர்பெற்ற நடிகர் அப்படி அத்துமீறியபோது, பக்கத்திலிருந்த பாத்திரத்து வெந்நீரை எடுத்து அவர் முகத்தில் வீசினார் என்று எலிசபெத்தின் வாழ்க்கையை முதலில் எழுதிய ஜேம்ஸ் போடன் சொல்கிறார்.

அதே ஜூனில் ஜோசப் இன்ச்பால்ட் என்ற நடிகரைக் கல்யாணம் செய்துகொண்டார். ஜோசப்புக்கு வயது கிட்டத்தட்ட இரண்டு மடங்கு. காதல் என்பதைவிடப் பாதுகாப்பு என்றுதான் தோன்றுகிறது. செப்டம்பரில் பிரிஸ்டல் மேடையில் ஷேக்ஸ்பியரின் 'லியர் அரசர்' நாடகம், கணவர் லியர் அரசர், இவர் கடைசி மகள் கார்டிலியா. அப்புறம் ஸ்காட்லாந்து முழுக்கச் சுற்றினார்கள், குளிரிலும் மழையிலும் ஊர் ஊராக. எடின்பரோவில் கணவருக்கும் ரசிகர்களுக்கும் தகராறு வந்து 1776இல் அந்த இடத்தையே விட்டுவிட்டு பிரான்ஸ் போனார்கள். ஜோசப்புக்கு ஓவியம் வரைந்து பிழைக்கலாம் என்று ஒரு நம்பிக்கை. அது நடக்கவில்லை. திரும்பி வந்து பிரைட்டனில் இருந்தபோது சாப்பாட்டுக்கே வழியில்லை, ஒரு நாள் இருவரும் வயலுக்குள் போய் டர்னிப் கிழங்கைத் தின்று பசியாறினார்கள். பின்னாளில் காசை எண்ணி எண்ணிச் செலவு செய்தவர் என்று அவரைக் கருமி என்று பேசியவர்கள் இந்த வயலைக் கொஞ்சம் நினைத்துப் பார்த்திருக்கலாம்.

1779 ஜூனில் ஜோசப் திடீரென்று இறந்துபோனார். எலிசபெத்துக்கு 25 வயதுதான். இங்கே ஒரு சட்டத்தைச் சொல்லியாக வேண்டும், அதில்லாமல் இவருடைய வாழ்க்கை புரியாது. அன்றைய இங்கிலாந்தில் கல்யாணமான பெண் சம்பாதிக்கிற ஒவ்வொரு காசும் சட்டப்படி கணவருடையது. விதவைக்கு அப்படி இல்லை, அவள் சம்பாத்தியம் அவளுடையது, அவள் கையெழுத்து செல்லும். எலிசபெத்துக்கு அதன்பிறகு பெண் கேட்டு வந்தவர்கள் பலர், வசதியானவர்களும் உண்டு. யாரையும் அவர் கட்டிக்கொள்ளவில்லை. காரணத்தை அவர் எங்காவது ஒரே வரியில் சொல்லியிருக்கிறாரா என்று தேட வேண்டாம், அடுத்த நாற்பது வருஷம் அவர் பணத்தைக் கையாண்ட விதமே போதுமான காரணம் என்பது என் எண்ணம்.

1780இல் கவென்ட் கார்டனில் சேர்ந்தார். லண்டனில் அன்று அரசு உரிமம் பெற்ற அரங்குகள் இரண்டுதான், கவென்ட் கார்டனும் ட்ரூரி லேனும். ஹேமார்க்கெட் அரங்கு கோடைக்காலத்தில் மட்டும் திறக்கும். நடிகையாக அவர் பெரிய நட்சத்திரம் இல்லை. அவருடைய நெருங்கிய தோழி சாரா சிடன்ஸ் மேடையில் நின்றால் சபையே அழும், இவருக்கு அந்த வரம் கிடைக்கவில்லை. மனப்பாடம் செய்த வசனத்தில் திக்கல் பெரும்பாலும் தெரியாது, ஆனாலும் பெரிய வேஷங்கள் வரவில்லை, ஊமைக்கூத்தில் கூட்டத்தோடு நடந்துபோகும் வேஷம்கூடப் போட வேண்டியிருந்தது. சம்பளமும் சொற்பம். அரங்கின் முதலாளி தாமஸ் ஹாரிஸ் ஒருமுறை எல்லை மீறியபோது அவர் தலைமுடியைப் பிடித்து இழுத்துத்தான் தப்பித்தார் என்று ஒரு கதை உண்டு. அவர் விக் வைத்திருந்தால் நான் தொலைந்திருப்பேன் என்று திக்கித் திக்கிச் சொன்னாராம். எல்லோரும் இதைச் சிரிப்புக் கதையாகவே சொல்கிறார்கள். அதே முதலாளியிடம் அடுத்த நாளும் வேலைக்குப் போக வேண்டியிருந்த ஒரு பெண்ணின் கதை இது என்று நாமாவது ஒருமுறை நினைத்துக்கொள்வோம்.

நடிப்பில் வருமானம் போதாது, சரி, எழுதலாம் என்று முடிவு செய்தார். அன்று நாடக ஆசிரியருக்குப் பணம் வந்த வழி விசித்திரமானது: மூன்றாம் நாள், ஆறாம் நாள், ஒன்பதாம் நாள் வசூலில் அரங்கின் செலவு போக மிஞ்சுவது ஆசிரியருக்கு. இரண்டாம் நாளோடு நாடகம் படுத்துவிட்டால் ஒன்றும் கிடையாது. இவர் எழுதி அனுப்பியதை முதலாளிகள் படிக்கவே இல்லை. ஹேமார்க்கெட் நடத்திய ஜார்ஜ் கோல்மனிடம் ஒரு கையெழுத்துப் பிரதி வருஷக்கணக்கில் தூங்கியது. கடைசியில் 1784இல் ஒரு சின்ன சிரிப்பு நாடகத்தைக் கோல்மன் 100 கினிக்கு, அதாவது 105 பவுண்டுக்கு, வாங்கிக்கொண்டார். அதுதான் 'மொகலாயர் கதை'. ஜூலை 6ஆம் தேதி மேடையேறியது, இவரும் அதில் நடித்தார்.

இந்த நாடகத்தைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல ஆசைப்படுகிறேன், நமக்கும் இதில் பங்கு உண்டு. அதற்கு முந்தைய நவம்பரில்தான் பாரிஸில் மனிதர்கள் முதன்முதலாகப் பலூனில் பறந்திருந்தார்கள். பிரிட்டனில் அதுவரை யாரும் பறந்திருக்கவில்லை. இவரோ ஒரு செருப்புத் தைப்பவரையும் அவர் மனைவியையும் ஒரு டாக்டரையும் பலூனில் ஏற்றி நேராக இந்தியாவில், மொகலாய ராஜாவின் அந்தப்புரத் தோட்டத்தில் இறக்கிவிட்டார். பயந்துபோன மூவரும் உயிர் பிழைக்க ஆளுக்கொரு பொய் சொல்கிறார்கள். டாக்டர் தன்னை இங்கிலாந்து மன்னரின் தூதர் என்கிறார், செருப்புத் தைப்பவர் தன்னைப் போப்பாண்டவர் என்கிறார்! கத்தோலிக்கப் பெண் எழுதிய நாடகத்தில் இந்தக் கூத்து. ராஜாவுக்கு எல்லாம் தெரியும், வேண்டுமென்றே மிரட்டிப் பார்க்கிறார்.

கடைசிக் காட்சியில் எல்லோரும் நடுங்கிக்கொண்டு நிற்கும்போது ராஜா தீர்ப்புச் சொல்ல எழுந்து, நான் இந்தியன், முகமதியன், என் சட்டம் கொடியது, என் சுபாவம் காட்டுத்தனமானது என்று தொடங்குகிறார். அதாவது ஆங்கிலேயர்கள் தன்னைப் பற்றி நினைத்ததை அப்படியே சொல்கிறார். அதன்பிறகு பேச்சு திரும்புகிறது: ஏழை இந்துக்களிடம் உங்கள் நாட்டவர் காட்டிய கொடுமையைப் பார்த்ததில் கொடுங்கோன்மை எவ்வளவு அசிங்கமானது என்று எனக்குத் தெரிந்துவிட்டது, அதனால் இனி நியாயமாகவும் இரக்கமாகவும் மட்டுமே நடப்பது என்று முடிவு செய்தேன், நீங்கள் போகலாம். 1770 வங்காளப் பஞ்சம் நடந்து பதினாலு வருஷம்தான் ஆகியிருந்தது. கிழக்கிந்தியக் கம்பெனியை என்ன செய்வது என்று பாராளுமன்றம் அடித்துக்கொண்டிருந்த மாதங்கள் அவை, கம்பெனியின் கவர்னர் ஜெனரல் வாரன் ஹேஸ்டிங்ஸ் மீதான விசாரணை தொடங்க இன்னும் நாலு வருஷம் இருந்தது. சிரிக்க வந்த லண்டன் கூட்டத்தின் முன்னால், சம்பளத்துக்கு வேஷம் கட்டிக்கொண்டிருந்த ஒரு பெண், ஒரு இந்தியனின் வாயால் இதைச் சொல்ல வைத்திருக்கிறார். நாடகம் முழுக்க அந்தப்புரம், திருநங்கையர் காவல் என்று அன்றைய ஐரோப்பியக் கற்பனைகள்தான் மண்டிக் கிடக்கின்றன, அதை நான் மறைக்கவில்லை. ஆனாலும் அந்தப் பேச்சு அங்கே இருக்கிறது.

நாடகம் ஓடியதும் கோல்மனிடம் தூங்கிய பழைய பிரதிக்கு உயிர் வந்தது, மறுவருஷமே மேடையேறியது. 1787இல் சுமத்ரா தீவுச் சிறையை வைத்து ஒரு நாடகம். சிறைகளைச் சீர்திருத்தப் பாடுபட்ட ஜான் ஹாவர்டை மனத்தில் வைத்து அதன் நாயகனைப் படைத்தார், அதிலிருந்து 400 பவுண்டுக்கு மேல் கிடைத்தது. 1789இல் நடிப்பை விட்டுவிட்டார். 1791இல், தன் காப்பாளரான பாதிரியாரையே காதலிக்கும் பெண்ணைப் பற்றிய 'எளிய கதை' நாவல் 200 பவுண்டுக்குப் போனது. ஒவ்வொன்றாக அரசாங்கப் பத்திரங்களில் போட்டு வைத்தார்.

1793 ஜனவரி கடைசியில் 'எல்லோரிடமும் குறை உண்டு' மேடையேறியது. பிரெஞ்சு மன்னரின் தலையை வெட்டி ஒரு வாரம்தான் ஆகியிருந்தது. நாடகத்தில், பிள்ளைகள் பட்டினி கிடப்பதைத் தாங்க முடியாத ஒரு ராணுவ அதிகாரி தெருவில் ஒரு பிரபுவை மடக்கிப் பணம் பறிக்கிறார், அந்தப் பிரபு அவருடைய சொந்த மாமனார். அரசாங்க ஆதரவுப் பத்திரிகை ஒன்று இதை ராஜத்துரோகம் என்றே எழுதியது. இவர் இன்னொரு பத்திரிகையில் தன் பெயரோடு பதில் எழுதினார். நாடகம் 700 பவுண்டு சம்பாதித்துக் கொடுத்தது.

அவரிடம் எனக்குப் பிடிக்காத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். தத்துவவாதி வில்லியம் காட்வின் இவருக்கு நல்ல நண்பர். 1797இல் காட்வின் பெண்ணுரிமை எழுத்தாளர் மேரி உல்ஸ்டன்கிராஃப்டை மணந்தபோது, மேரியின் பழைய உறவு முறைப்படியான கல்யாணம் இல்லை என்பது ஊருக்கு வெளிச்சமானது. இன்ச்பால்ட் அரங்கில் வைத்தே அவர்களை அவமதித்தார். சில மாதங்களில் மேரி பிரசவத்தில் இறந்தபோது காட்வின் எழுதிய கடிதத்தில், நீங்கள் அவளை மோசமாக நடத்தினீர்கள், ஆனாலும் மன்னிக்கிறேன் என்று இருக்கிறது. தனியாக வாழ்கிற நடிகைக்கு நல்ல பேர் ஒன்றுதான் கவசம், அதனால் பயந்திருப்பார் என்று காரணம் சொல்லலாம். காரணம் புரிகிறது, அதற்காக அந்த நடத்தையை என்னால் சரி என்று சொல்ல முடியவில்லை.

1806 முதல் 1808 வரை ஒரு பதிப்பகம் 125 நாடகங்களை 25 தொகுதிகளாக வெளியிட்டது, ஒவ்வொன்றுக்கும் முன்னுரை இன்ச்பால்ட். ஷேக்ஸ்பியரிலிருந்து தன் காலத்தவர் வரை எல்லோரையும் பற்றி ஒரு பெண் அச்சில் தீர்ப்புச் சொன்னால் சும்மா இருப்பார்களா? பழைய கோல்மனின் மகன் கடுமையாக ஒரு கடிதம் எழுதினார். அதையும் தன் பதிலையும் இவர் சேர்த்தே அச்சேற்றினார்.

இவ்வளவு சம்பாதித்தவர் வாடகை அறைகளில்தான் குடியிருந்தார். தன் படுக்கையறைத் தரையைத் தானே தேய்த்துக் கழுவி முடிக்கும் நேரத்தில், தன்னை உலாவ அழைத்துப் போக ஒரு பிரபு வீட்டுக் கோச்சு வண்டி இரண்டு சேவகர்களோடு வாசலில் காத்திருந்ததாக ஒரு கடிதத்தில் எழுதியிருக்கிறார். மிச்சம் பிடித்த பணம் அக்கா தங்கைகளுக்குப் போனது. ஒரு குளிர்காலத்தில், குளிர் தாங்காமல் அழும்போதெல்லாம், அக்கா அறையில் காலையிலேயே கணப்பு மூட்டியிருப்பார்கள் என்று நினைத்துத் தேற்றிக்கொண்டேன் என்கிறார். அவரைக் கருமி என்றவர்களுக்கு இதற்கு மேல் நான் பதில் சொல்ல வேண்டுமா?

1821 ஆகஸ்ட் 1ஆம் தேதி கென்சிங்டனில் காலமானார். அவர் எழுதி வைத்திருந்த சுயசரிதைக்கு ஒரு பதிப்பாளர் 1000 பவுண்டு தருவதாகச் சொல்லியிருந்தார், ஆனால் தன் மதகுருவின் ஆலோசனைப்படி அதை அழித்துவிட்டார். அவருடைய முடிவு அது, ஆனாலும் எனக்கு மனம் ஆறவில்லை. தினசரி வரவு செலவும் சந்தித்தவர்களின் பெயரும் எழுதிய சின்னப் பாக்கெட் டைரிகள் சில தப்பித்து, வாஷிங்டன் ஃபோல்ஜர் நூலகத்தில் இருக்கின்றன.

ஒரு வேண்டுகோளோடு நிறுத்திக்கொள்கிறேன். 'மொகலாயர் கதை' இரண்டே அங்கம், இணையத்தில் இலவசமாகக் கிடைக்கிறது, பதிப்புரிமைச் சிக்கல் எதுவும் இல்லை. இங்கே நாடகக் குழு வைத்திருப்பவர்கள் சிலர் உட்கார்ந்திருக்கிறீர்கள். யாராவது இதைத் தமிழில் மொழிபெயர்த்து மேடையேற்றினால் ஒத்திகைக்கு நான் தினமும் வருகிறேன். கேள்விகள் இருந்தால் இப்போது கேட்கலாம்.