பெரிய நாடு அடங்கி உட்கார்ந்த கதை

நேயர்களுக்கு வணக்கம்.

நடுத்தர வல்லமை கொண்ட நாடுகளின் வெளியுறவு பற்றிப் பேசச் சொல்லி அழைத்திருக்கிறார்கள். அமெரிக்கா, சீனா போல உலகத்தை ஆட்டிவைக்க முடியாது, அதற்காக யார் சொன்னாலும் தலையாட்டிவிட்டுப் போகும் நாடுகளும் கிடையாது. துருக்கி, பிரேசில், தென் கொரியா என்று பட்டியல் நீளும். நான் இந்தோனேசியாவை எடுத்துக்கொள்கிறேன். எரிமலை வெடித்தால்தான் நம் செய்திகளில் அந்தப் பெயர் வருகிறது. ஆனால் கிரேட் நிகோபாரின் தென்முனையிலிருந்து சுமத்ரா பக்கம் போக இருநூறு கிலோமீட்டர்கூட ஆகாது. சென்னையிலிருந்து விழுப்புரம் போகிற தூரம் என்று வைத்துக்கொள்ளுங்கள். அவ்வளவு பக்கத்தில் 17,000 தீவுகளும் 28 கோடி மக்களும் உள்ள ஒரு நாடு இருக்கிறது.

அந்த நாட்டின் வெளியுறவைப் பற்றி யார் எழுதினாலும் முதலில் இரண்டு விஷயங்கள் வந்துவிடும். ஒன்று, 1948இல் அப்போதைய பிரதமர் முகமது ஹட்டா ஆற்றிய உரை. இரண்டு பாறைகளுக்கு நடுவே படகு வலிக்க வேண்டும், அமெரிக்கா பக்கமும் சோவியத் பக்கமும் சாயக் கூடாது என்றார். மற்றது, 1955 ஏப்ரலில் நடந்த பாண்டுங் மாநாடு. 29 நாடுகள் கூடின. நேரு, சூ என்லாய், நாசர் எல்லோரும் வந்தார்கள். அந்த மாநாட்டுக்கான யோசனை அதற்கு முந்தைய ஆண்டு கொழும்பில் ஐந்து பிரதமர்கள் கூடியபோது இந்தோனேசியப் பிரதமர் முன்வைத்தது.

இதெல்லாம் பெருமைக்குரியதுதான். ஆனாலும் ஒரு நடுத்தர நாட்டின் குணம் வல்லரசுகளோடு பேசும் மேடையில் தெரிவதில்லை என்பது என் கருத்து. தன்னைவிடச் சின்ன அண்டை நாட்டிடம் அது எப்படி நடந்துகொள்கிறது என்று பார்க்க வேண்டும். அங்கே அது நடுத்தர நாடு இல்லை, அங்கே அதுதான் பெரியவர். பாண்டுங்கில் சமாதானம் பேசிய இந்தோனேசிய அதிபர் சுகார்னோவே, எட்டு வருஷம் கழித்து, வேலிக்கு அந்தப் பக்கம் இருந்தவனோடு சண்டைக்குப் போனார்.

1963 செப்டம்பர் 16. மலாயா, சிங்கப்பூர், சபா, சரவாக் சேர்ந்து மலேசியா பிறந்தது. இது பிரிட்டன் செய்த சூழ்ச்சி, மலேசியாவை நசுக்க வேண்டும் என்றார் சுகார்னோ. இரண்டே நாளில் ஜகார்த்தாவில் பிரிட்டிஷ் தூதரகம் எரிந்தது. போர்னியோ காட்டு எல்லையில் ஊடுருவல் நடந்தது. மலேசியாவுக்கு ஐ.நா. பாதுகாப்புச் சபையில் தற்காலிக இடம் கிடைத்ததும் கோபத்தில் ஐ.நா.வை விட்டே இந்தோனேசியா வெளியேறியது. அது 1965 ஜனவரியில்.

அதே ஆண்டு மார்ச் 10ஆம் தேதி, சிங்கப்பூர் ஆர்ச்சர்ட் சாலையில் இருந்த மெக்டொனால்ட் ஹவுஸ் கட்டடத்தில் குண்டு வெடித்தது. உள்ளே வங்கி இருந்தது, வேலை நேரம். 3 பேர் இறந்தார்கள், 33 பேர் காயமடைந்தார்கள். குண்டு வைத்தவர்கள் சாதாரண உடையில் வந்த இரண்டு இந்தோனேசியக் கடற்படை வீரர்கள், உஸ்மான், ஹாருன். பிடிபட்டார்கள், மரண தண்டனை விதிக்கப்பட்டது.

அப்புறம் ஜகார்த்தாவில் ஆட்சி மாறியது. எப்படி மாறியது என்பது ரத்தம் தோய்ந்த கதை. கம்யூனிஸ்டுகள் என்றும் அவர்களுக்கு வேண்டியவர்கள் என்றும் லட்சக்கணக்கான பேரைக் கொன்று குவித்த பிறகுதான் சுகார்னோவின் இடத்தில் ஜெனரல் சுகார்த்தோ நாற்காலியில் உட்கார்ந்தார். அதை மறைத்துவிட்டு அவருடைய வெளியுறவுக் கொள்கையைப் பாராட்டிப் பேச எனக்கு மனம் வராது. கஜானாவில் காசு இல்லை. விலைவாசி ஒரே வருஷத்தில் 600 சதவீதத்துக்கு மேல் ஏறியிருந்தது. பக்கத்து வீட்டுச் சண்டையைத் தொடர அவருக்கு வசதியும் இல்லை, விருப்பமும் இல்லை. 1966 ஆகஸ்டில் மலேசியாவோடு சமாதானம் ஆயிற்று.

ஒரே வருஷத்தில், 1967 ஆகஸ்ட் 8 அன்று, பாங்காக்கில் ஐந்து பேர் ஒரு தாளில் கையெழுத்துப் போட்டார்கள். இந்தோனேசியாவின் ஆடம் மாலிக், மலேசியாவின் துன் அப்துல் ரசாக், பிலிப்பைன்ஸின் நார்சிசோ ராமோஸ், தாய்லாந்தின் தானத் கோமன். ஐந்தாவது ஆள், 1965 ஆகஸ்டில் மலேசியாவிலிருந்து பிரிந்து தனி நாடாகியிருந்த சிங்கப்பூரின் எஸ். ராஜரத்தினம், யாழ்ப்பாணத்து வட்டுக்கோட்டையில் பிறந்து மலாயாவில் சிரம்பானில் வளர்ந்தவர். கையெழுத்துக்கு முந்தைய பேச்சு பாங்காக்கிலிருந்து கொஞ்சம் தள்ளி, பாங் சேன் என்ற கடற்கரை ஊரில், கோட்டும் டையும் இல்லாமல் நடந்தது. அப்படிப் பிறந்ததுதான் ஆசியான் என்ற தென்கிழக்கு ஆசிய நாடுகளின் கூட்டமைப்பு.

அன்று இந்தோனேசியாவில் 10 கோடிக்கு மேல் மக்கள். சிங்கப்பூரில் 20 லட்சம். இரண்டுக்கும் ஒரே அளவு நாற்காலி. ஓட்டெடுப்பு கிடையாது, எல்லோரும் சம்மதித்தால்தான் முடிவு. கூட்டுக் குடும்பத்தில் பெரியவர் அதட்டாமல் இருந்தால்தான் மற்றவர்கள் வாய் திறப்பார்கள். தன் ஆள்பலத்துக்கு ஏற்றபடி கூடுதல் அதிகாரம் வேண்டும் என்று இந்தோனேசியா கேட்டிருந்தால் ஆசியான் அந்த வருஷமே கலைந்திருக்கும். கேட்கவில்லை. இந்தோனேசிய வெளியுறவில் பாண்டுங்கைவிடப் பெரிய சாதனை இதுதான் என்று நான் நினைக்கிறேன்.

சரி, உஸ்மான், ஹாருன் என்ன ஆனார்கள்? சமாதானம் ஆகிவிட்டது, ஆசியான் வந்துவிட்டது. தண்டனையைக் குறைக்கும்படி சுகார்த்தோவே கேட்டார். சிங்கப்பூர் மறுத்தது. சட்டப்படி விதித்த தண்டனையைப் பெரிய நாடு கேட்டது என்பதற்காக மாற்றினால், நாளைக்கு எதைக் கேட்டாலும் கொடுக்க வேண்டி வரும் என்பது அவர்கள் வாதம். 1968 அக்டோபர் 17 அன்று இருவரும் தூக்கிலிடப்பட்டார்கள். ஜகார்த்தாவில் சிங்கப்பூர் தூதரகம் அடித்து நொறுக்கப்பட்டது. இரண்டு வீரர்களையும் கலிபாதா வீரர் மயானத்தில் ராணுவ மரியாதையோடு அடக்கம் செய்தார்கள். சிங்கப்பூர் மீது படையெடுக்க வேண்டும் என்ற குரல்கூட எழுந்தது. சுகார்த்தோ அடக்கி வாசித்தார்.

1973 மே மாதம் லீ குவான் யூ ஜகார்த்தா வந்தார். கலிபாதாவுக்குப் போய் அந்த இரண்டு சமாதிகளிலும் மலர் தூவினார். தன் நாடு தூக்கிலிட்டவர்களின் சமாதியில், அந்த நாட்டின் பிரதமர். இப்படிச் செய்தால் நல்லது என்று அவருக்கு யோசனை சொன்னவர் ஜகார்த்தாவில் இருந்த சிங்கப்பூர் தூதர். தூக்குத் தண்டனை தவறு என்று லீ ஒரு வார்த்தை சொல்லவில்லை. இறந்தவர்களுக்கு மரியாதை மட்டும் செய்தார். அதற்குப் பிறகுதான் சுகார்த்தோவும் அவரும் மனம்விட்டுப் பேச ஆரம்பித்தார்கள்.

கதை அத்தோடு முடியவில்லை. 2014இல் இந்தோனேசியக் கடற்படை ஒரு புதிய போர்க்கப்பலுக்கு ‘உஸ்மான் ஹாருன்’ என்று பெயர் வைத்தது. சிங்கப்பூர் கொதித்துப்போய், அந்தக் கப்பல் எங்கள் துறைமுகத்தில் கால் வைக்கக் கூடாது என்றது. எங்கள் வீரர்களுக்கு நாங்கள் பெயர் வைத்தால் உங்களுக்கு என்ன என்று ஜகார்த்தா கேட்டது. இதில் ஒரு வேடிக்கை, அந்தக் கப்பல் பிரிட்டனில் புருனைக்காகக் கட்டப்பட்டது. புருனை வேண்டாம் என்றதால் இந்தோனேசியா வாங்கியது. யாரை எதிர்த்து சுகார்னோ சண்டைக்குப் போனாரோ அந்த பிரிட்டன் கட்டிய கப்பலில் அந்தச் சண்டையில் உயிர்விட்டவர்களின் பெயர்.

சிங்கப்பூரிலிருந்து பாத்தாம் தீவுக்குப் படகில் போனால் ஒரு மணி நேரம்கூட ஆகாது. படகில் ஏறி உட்கார்ந்து திரும்பிப் பார்த்தால் சிங்கப்பூரின் உயரக் கட்டடங்கள் கண்ணை விட்டு மறையவே மறையாது. அந்தக் கட்டடங்களில் சில நிற்கும் மண்ணே இந்தோனேசியாவிலிருந்து வந்ததுதான். கடலைத் தூர்த்து நிலமாக்க சிங்கப்பூர் பல ஆண்டுகள் அங்கிருந்து மணல் வாங்கியது. நிப்பா என்ற சின்னத் தீவு மணல் தோண்டித் தோண்டியே கரைந்து மறையும் நிலைக்கு வந்தது. தீவு போனால் என்ன என்று கேட்கலாம். கடல் எல்லையை அளப்பதே அந்தத் தீவிலிருந்து. கடல்மணல் ஏற்றுமதிக்கு 2003இல் தடை வந்தது, 2007இல் நிலத்து மணலுக்கும் வந்தது.

இன்னொன்று வானம். பாத்தாம் உள்ளிட்ட ரியாவ் தீவுகளுக்கு மேலே பறக்கும் விமானங்களுக்கு 1946 முதல் வழிகாட்டியது சிங்கப்பூர். பிரிட்டிஷ் காலத்து ஏற்பாடு. தன் சொந்தத் தீவுக்கு மேலே பறக்கத் தன் விமானி பக்கத்து நாட்டுக் கட்டுப்பாட்டு அறையிடம் பேச வேண்டியிருப்பது இந்தோனேசிய ராணுவத்துக்கு எவ்வளவு உறுத்தியிருக்கும்! 2022 ஜனவரியில் பிந்தான் தீவில் ஒப்பந்தம் ஆயிற்று. குற்றவாளிகளை ஒப்படைக்கும் ஒப்பந்தம், ராணுவப் பயிற்சி ஒப்பந்தம் எல்லாம் ஒரே கட்டாக. 2024 மார்ச்சில் வான்வெளி இந்தோனேசியாவின் பொறுப்புக்கு வந்தது. ஆனால் ஒப்பந்தத்தைப் பிரித்துப் படித்தால், அதில் குறிப்பிட்ட பகுதிகளை 37,000 அடி உயரம் வரை 25 ஆண்டுகளுக்கு சிங்கப்பூரே கவனிக்கும்படி இந்தோனேசியா திரும்ப ஒப்படைத்திருக்கிறது. சாங்கி விமான நிலையம் இடைஞ்சல் இல்லாமல் நடக்க அது தேவை. உரிமை ஒருவருக்கு, வேலை இன்னொருவருக்கு. இரண்டு பக்கமும் தன் மக்களிடம் ‘நாங்கள் ஜெயித்தோம்’ என்று சொல்லிக்கொள்ள இடம் வைத்த ஒப்பந்தம். எனக்கு இந்த மாதிரி ஒப்பந்தங்கள்தான் பிடிக்கும்.

இதை வைத்து இந்தோனேசியா எப்போதும் பொறுமைசாலி என்று முடிவு கட்டிவிடாதீர்கள். சுமத்ராவில் காடு எரிந்து புகை மூட்டம் சிங்கப்பூரையும் மலேசியாவையும் மூடுவது வழக்கம். 2013 ஜூனில் சிங்கப்பூரின் மாசுக் குறியீடு 401ஐத் தொட்டது. அதிபர் யுதோயோனோ மன்னிப்புக் கேட்டார். ஆனால் அதற்குச் சில நாள் முன்பு அவருடைய அமைச்சர் ஒருவர், சிங்கப்பூர் குழந்தை மாதிரி நடந்துகொண்டு கூச்சல் போடக் கூடாது என்ற பாணியில் பேசியிருந்தார். புகை தடுப்புக்கான ஆசியான் ஒப்பந்தம் கையெழுத்தானது 2002இல். அதை உறுதிசெய்த கடைசி நாடு இந்தோனேசியா, 2014இல். புகையே அங்கிருந்துதான் வருகிறது!

புகையாவது மழை வந்தால் போகும். கிழக்குத் திமோர் அப்படி இல்லை. போர்ச்சுகல் விட்டுப் போன அந்தப் பாதித் தீவுக்குள் 1975 டிசம்பர் 7 அன்று இந்தோனேசியப் படை இறங்கியது. அதற்கு முந்தைய நாள் அமெரிக்க அதிபர் ஃபோர்டும் அவருடைய வெளியுறவு அமைச்சர் கிசிஞ்சரும் ஜகார்த்தாவில் சுகார்த்தோவோடு பேசிக்கொண்டிருந்தார்கள், தடுக்கவில்லை. ஐ.நா. பொதுச் சபையில் கண்டனத் தீர்மானம் வந்தபோது ஆசியான் நாடுகளில் சிங்கப்பூர் மட்டும் ஜகார்த்தாவின் பக்கம் வாக்களிக்காமல் ஒதுங்கி நின்றது. ஜகார்த்தாவை எதிர்த்துக்கூட வாக்களிக்கவில்லை, ஒதுங்கியதற்கே ஜகார்த்தா முகம் சுளித்தது. அடுத்த 24 ஆண்டுகளில் குறைந்தபட்சம் ஒரு லட்சம் பேர் செத்தார்கள் என்பது பின்னால் அமைந்த உண்மை அறியும் ஆணையத்தின் கணக்கு. ஆசியான் வாயே திறக்கவில்லை. சம நாற்காலி முறைக்கு இப்படி ஒரு விலையும் உண்டு. பெரியவர் அடங்கி உட்கார்ந்ததற்குப் பதிலாக, அவர் வீட்டுக்குள் நடப்பதை மற்றவர்கள் கேட்காமல் இருந்தார்கள்.

1999 ஆகஸ்ட் 30 அன்று வாக்கெடுப்பு நடந்தது. 78.5 சதவீதம் பேர் விடுதலை வேண்டும் என்றார்கள். ராணுவத்தின் பின்னணியில் இருந்த ஆயுதக் குழுக்கள் ஊர் ஊராக எரித்தன. ஆஸ்திரேலியா தலைமையில் பன்னாட்டுப் படை வந்தது. கோபத்தில் ஆஸ்திரேலியாவோடு நான்கு வருஷம் முன்பு போட்ட பாதுகாப்பு ஒப்பந்தத்தை இந்தோனேசியா ரத்து செய்தது.

சுகார்த்தோ போய் ஜனநாயகம் வந்தபிறகு நடைமுறை மாறியது. சிபாடன், லிகிட்டன் என்ற இரண்டு தீவுகள் யாருக்கு என்ற வழக்கில் 2002இல் பன்னாட்டு நீதிமன்றம் மலேசியாவுக்குத் தீர்ப்பளித்தது. உள்ளூரில் கூச்சல், ஆனால் அரசு தீர்ப்பை ஏற்றது. 2012 ஜூலையில், தென் சீனக் கடல் விவகாரத்தில் கம்போடியா முரண்டு பிடித்ததால், ஆசியான் வெளியுறவு அமைச்சர்கள் 45 ஆண்டுகளில் முதல் முறையாகக் கூட்டறிக்கை இல்லாமல் கலைந்தார்கள். இந்தோனேசிய அமைச்சர் மார்ட்டி நத்தலகாவா விமானம் ஏறித் தலைநகர் தலைநகராகப் போனார். கையில் மிரட்டலும் இல்லை, கடனுதவியும் இல்லை. ஒரே வாரத்தில் ஆறு அம்சங்களில் எல்லோரையும் ஒத்துக்கொள்ள வைத்தார்.

இன்று அந்த அக்கறை குறைந்திருக்கிறது என்பது என் கணிப்பு. ஜி20, பிரிக்ஸ் என்று பார்வை பெரிய மேடைகளுக்குப் போய்விட்டது. 2025 ஜனவரியில் பிரிக்ஸில் சேர்ந்ததைக் கொண்டாடிய அளவுக்கு ஆசியான் நாடான மியான்மரின் உள்நாட்டுச் சண்டை பற்றி ஜகார்த்தாவில் இப்போது பேச்சு இல்லை. இந்தோனேசியாவின் நத்துனா தீவுகளைப் பாருங்கள். அதன் வடக்குக் கடலில், தென் சீனக் கடலின் பெரும்பகுதி தனது என்று சீனா வரைந்திருக்கும் கோடு வந்து விழுகிறது. 2016இல் அதிபர் ஜோகோ விடோடோ அங்கே போர்க்கப்பலில் அமைச்சரவைக் கூட்டமே நடத்தினார். 2024 நவம்பரில் புதிய அதிபர் பிரபோவோ பெய்ஜிங் போனபோது வெளியான கூட்டறிக்கையில், இரு தரப்பும் உரிமை கோரும் பகுதிகளில் சேர்ந்து தொழில் செய்வது என்று ஒரு வரி நுழைந்தது. அப்படிப் பகுதியே இல்லை என்பதுதான் இந்தோனேசியா பல ஆண்டுகளாகச் சொல்லிவந்தது. சீனாவின் கோட்டை நாங்கள் ஏற்கவில்லை என்று அமைச்சகம் உடனே விளக்கம் கொடுத்தது. இருந்தாலும் சீனாவோடு அதே தகராறு உள்ள ஹனோயிலும் மணிலாவிலும் அந்த வரியைத் திரும்பத் திரும்பப் படித்திருப்பார்கள். வியட்நாமோடு அதே கடலில் பொருளாதார மண்டல எல்லையை வரைய இந்தோனேசியா 12 ஆண்டுகள் பேசியது. 2022 டிசம்பரில்தான் முடிந்தது.

2025 அக்டோபர் 26 அன்று கோலாலம்பூரில், அந்தக் கிழக்குத் திமோர் திமோர் லெஸ்தே என்ற பெயரில் ஆசியானின் 11ஆவது உறுப்பு நாடாகச் சேர்ந்தது. அந்த நாட்டின் சார்பில் வந்த பிரதமர் ஷனானா குஸ்மாவோ, ஜகார்த்தாவின் சிபினாங் சிறையில் ஆண்டுக்கணக்கில் கிடந்தவர். இந்தோனேசியாவின் அதிபர் பிரபோவோ, இளம் வயதில் அதே திமோரில் சிறப்புப் படை அதிகாரியாக இருந்தவர். இப்போது இருவருக்கும் ஒரே அளவு நாற்காலி. இரண்டு நாடுகளுக்கும் இடையே கடல் எல்லை இன்னும் வரையப்படவில்லை. அதை ஜகார்த்தா எத்தனை ஆண்டுகள் இழுக்கிறது, எவ்வளவு விட்டுக்கொடுக்கிறது என்பதைத்தான் நான் கவனித்துக்கொண்டிருப்பேன், ஜி20 புகைப்படங்களை இல்லை.

நன்றி, வணக்கம்.