பகவதிபுரம் ஸ்டேஷன்ல ஒரு மத்தியானம்

வணக்கம் மக்களே. பின்னாடி உய்ய்னு கேக்குதுல்ல, மைக் கோளாறு இல்ல, மலைக்காத்து. செங்கோட்டைக்கு அடுத்த ஸ்டேஷன், பகவதிபுரத்துல உக்காந்திருக்கேன். இந்தப் பாதையில தமிழ்நாட்டோட கடைசி ஸ்டேஷன் இதுதான். தாண்டினா மலை, குகை, அந்தப் பக்கம் கேரளா. பிளாட்பாரத்துல மொத்தம் நாலு பேரு, என்னையும் அந்தா படுத்திருக்க நாயையும் சேத்து.

பெஞ்சுல ஒரு ஆச்சி. மடியில மஞ்சப்பை. "எங்க போறிய தம்பி?"ன்னாங்க. எங்கயும் இல்ல ஆச்சி, வீடியோ எடுக்க வந்தேன்னேன். "ரயிலேறாம ஸ்டேஷனுக்கு வந்தியளாக்கும்"னு ஒரு பார்வை! மகள மலைக்கு அந்தப் பக்கம், கேரளாவுல தென்மலைப் பக்கம் கட்டிக் குடுத்திருக்காங்களாம். 1904-லேருந்து ஓடின மீட்டர் கேஜ் வண்டிய 2010-ல நிறுத்தினாங்க, அகலப்பாதையில முழுசா திரும்ப ஓடினது 2018-ல. நமக்கு இது வெறும் தேதிக் கணக்கு. ஆச்சிக்கு? "எட்டு வருசம் பஸ்ல வளைஞ்சு வளைஞ்சு, ஒரே வாந்தி. பேரன் பொறந்தப்போகூட எலுமிச்சம்பழத்த மோந்துக்கிட்டேதான் போனேன்."

அடுத்து நம்ம பாயின்ட்ஸ்மேன் அண்ணாச்சி, ஸ்டேஷன்ல தண்டவாளம் மாத்திவிடுற, கொடி காட்டுற ஊழியர். கக்கத்துல சுருட்டின கொடி. இப்போ நிக்காம ஒரு வண்டி போச்சுல்ல, ஒவ்வொரு பெட்டிக்கும் அடியில கண்ண ஓட்டுறாரு. ஏதாவது தொங்குதா, புகையுதான்னு. சரியா இருந்தா பச்சைக்கொடி. கடைசிப் பெட்டியிலேருந்து கார்டும் பச்சை காட்டுவாரு. 2022-லேருந்து அவருக்கு ட்ரெயின் மேனேஜர்னு பேரு, இங்க இன்னும் கார்டுதான். "கார்டுங்ககிட்ட பேசினதே இல்ல. ஆனா கொடி ஆட்டுறத வச்சே யாருன்னு சொல்லிருவேன். ஒருத்தரு விசிறி வீசுற மாதிரியே ஆட்டுவாரு"ன்னு சிரிக்கிறாரு.

இருங்க, ஆச்சியோட வண்டி வந்துருச்சு. ஏத்தம் ஜாஸ்தி, அதான் செங்கோட்டையில கோத்த இன்னொரு இன்ஜின் பின்னாடி தள்ளிட்டு வருது. பைய ஏத்திவிட்டேன். ஆச்சி முந்தானைய அவுத்து என் கையில ஒண்ணத் திணிச்சாங்க.

இதோ, எலுமிச்சம்பழம். ரயில்ல போனாலும் எடுத்துட்டு வர்ற பழக்கம் விடலையாம். "நீங்க பஸ்லதான போவிய, வச்சுக்கிடுங்க"ன்னுட்டாங்க.