உங்க மானிட்டருக்கும் ஜாதகம் இருக்கு! ஆஃபீஸ் கம்ப்யூட்டர் கணக்கெடுப்பும் ஜிஎல்பிஐ ஏஜென்ட்டும்

(ஸ்க்ரீன்ல ஒரு எக்ஸெல் ஷீட். சீரியல் நம்பர் இருக்க வேண்டிய இடத்துல ஒரே வரி, ஏழு தடவை.)

ஏழு கம்ப்யூட்டர். ஏழுக்கும் ஒரே சீரியல் நம்பர்.

நான் முன்னாடி வேலை பார்த்த ஆஃபீஸ்ல ஆடிட்டர் இந்த ஷீட்டைப் பார்த்துட்டு, கண்ணாடியைக் கழட்டி வெச்சுட்டு என்னைப் பார்த்தார். "தம்பி, ஒரே மெஷினை ஏழு தடவை வாங்கின மாதிரி எழுதி வெச்சிருக்கீங்களே?" இல்ல சார், ஏழும் இருக்கு, வாங்க காட்டறேன்னு டேபிள் டேபிளா கூட்டிட்டுப் போனேன். அஞ்சாவது டேபிள்லயே அவருக்குப் போதும்னு ஆயிடுச்சு, டீ கேட்டார்.

அந்த சீரியல் நம்பர் என்னன்னு பார்த்தா, அது நம்பரே இல்ல. "டு பி ஃபில்டு பை ஓஇஎம்". இதை மெஷின் தயாரிக்கிறவர் நிரப்பிக்கணும்னு அர்த்தம். அவர் நிரப்பல. ஏன் நிரப்பலைன்னு கடைசியில சொல்றேன். ஆமா, அதுவரைக்கும் உங்களை உட்கார வைக்கத்தான் இந்த ஏற்பாடு.

(டைட்டில் மியூசிக். மூணு செகண்ட், அதுக்கு மேல வேண்டாம்.)

வணக்கம் மக்களே. ஆஃபீஸ்ல எத்தனை கம்ப்யூட்டர் இருக்கு, ஒவ்வொண்ணுலயும் ரேம் எவ்வளவு, எந்த விண்டோஸ், என்னென்ன சாஃப்ட்வேர்னு ஆள் நடந்து போய் எழுதாம, மெஷினே சொல்ற மாதிரி பண்றதுதான் நெட்வொர்க் இன்வென்ட்டரி. இது எதுக்குன்னு கேட்கறவங்களுக்கு ஒரே ஒரு தேதி: 2025 அக்டோபர் 14. விண்டோஸ் 10-க்கு மைக்ரோசாஃப்ட் வழக்கமான சப்போர்ட்டை நிறுத்தின நாள். அன்னைக்கு உங்க மேனேஜர் "நம்மகிட்ட எத்தனை விண்டோஸ் 10 இருக்கு?"ன்னு கேட்டிருந்தா, ரெண்டு நிமிஷத்துல பதில் சொல்லியிருப்பீங்களா? முடியாதுன்னா இந்த வீடியோ உங்களுக்கு.

இதுக்கு நான் எடுத்துக்கறது ஜிஎல்பிஐ. ஓப்பன் சோர்ஸ், ஃப்ரெஞ்சுக்காரங்க ஆரம்பிச்சது. பேரோட விரிவும் ஃப்ரெஞ்சுதான், அதுல "கம்ப்யூட்டர் பார்க்"னு அர்த்தம் வர்ற ரெண்டு வார்த்தை இருக்கு. ஒரு ஆஃபீஸ்ல இருக்கற மொத்த மெஷின்களையும் அவங்க அப்படித்தான் சொல்வாங்க. நம்ம ஆஃபீஸ்ல அது பார்க் இல்ல, பரண். 2022-ல வந்த பத்தாவது வெர்ஷன்ல இருந்து இன்வென்ட்டரி இதுக்குள்ளயே வந்துடுச்சு, தனியா பிளக்இன் தேட வேண்டாம்.

சர்வர் பகுதியை ஓடியே கடந்துடலாம். ஒரு லினக்ஸ் மெஷின், அதுல ஜிஎல்பிஐ ஓடறதுக்கு பிஹெச்பி, தகவலைச் சேர்த்து வைக்க மரியாடிபிங்கற டேட்டாபேஸ், மேல ஜிஎல்பிஐ. இன்ஸ்டாலர் கேட்கறதுக்குப் பதில் சொன்னா போதும். ரெண்டே விஷயத்தை மறக்காதீங்க. முதல்ல, இன்ஸ்டால் ஆனதும் நாலு யூசர் அக்கவுன்ட் தானா வரும். அட்மின் அக்கவுன்ட்ல யூசர்நேம் ஜிஎல்பிஐ, பாஸ்வேர்டும் ஜிஎல்பிஐ. வீட்டைப் பூட்டி சாவியைப் பூட்டுலயே தொங்க விடற மாதிரி. நாலையும் மாத்துங்க, வேண்டாததை முடக்குங்க. அடுத்து, நிர்வாக மெனுவுக்குள்ள இன்வென்ட்டரிங்கற பக்கத்துல "எனேபிள்"னு ஒரு டிக் இருக்கு. அது ஆரம்பத்துல ஆஃப்ல இருக்கும். அதைப் போடாம ஐம்பது மெஷின்ல ஏஜென்ட் போட்டுட்டு "ஒண்ணுமே வரலையே"ன்னு உட்கார்ந்திருக்கற ஆளை எனக்குத் தெரியும். அந்த ஆள் நான்தான்.

(ஸ்க்ரீன்: ஏஜென்ட் இன்ஸ்டாலர்.)

சரி, ஏஜென்ட். ஒவ்வொரு கம்ப்யூட்டர்லயும் போடற குட்டி புரோகிராம் இது. எம்எஸ்ஐங்கற விண்டோஸ் இன்ஸ்டால் ஃபைலை டவுன்லோடு பண்ணி டபுள் க்ளிக் பண்ணினா, சர்வர் அட்ரஸ் கேட்கும். அதைக் கொடுக்காமலே நெக்ஸ்ட் நெக்ஸ்ட்னு போனா கோபிக்காம இன்ஸ்டால் ஆகிடும், ஆனா எங்கேயும் எதையும் அனுப்பாது. கல்யாண மண்டபம் அட்ரஸ் கேட்காம கிளம்பின சொந்தக்காரர் மாதிரி, நல்லா டிரஸ் பண்ணிட்டு ஊரைச் சுத்திட்டு இருக்கும்.

போட்டாச்சு, அட்ரஸும் சரி, ஆனா மெஷின் லிஸ்ட்ல வரலையா? பதறாதீங்க. எல்லா மெஷினும் ஒரே நேரத்துல சர்வர் மேல பாயக் கூடாதுன்னு முதல் தடவை ஏஜென்ட் கொஞ்சம் காத்திருக்கும். அந்தக் காத்திருப்பு 3600 செகண்ட் வரைக்கும் போகலாம், அதாவது ஒரு மணி நேரம். அவசரம்னா அந்த மெஷின்லயே பிரவுசரைத் திறந்து லோக்கல்ஹோஸ்ட், போர்ட் 62354-னு போங்க. இப்பவே இன்வென்ட்டரி எடுன்னு ஒரு லிங்க் இருக்கும். அதுவும் உதவலைன்னா புரோகிராம் ஃபைல்ஸ்ல ஜிஎல்பிஐ ஏஜென்ட் ஃபோல்டருக்குள்ள லாக் ஃபைல் இருக்கு, என்ன பிரச்சனைன்னு அதுலயே எழுதியிருக்கும். நம்மதான் லாக் படிக்கற பரம்பரை இல்லையே.

அஞ்சு மெஷின்னா கையால போடலாம். ஐம்பதுன்னா டொமைன்ல க்ரூப் பாலிசி, அதாவது ஒரே இடத்துல இருந்து ஆஃபீஸ் மெஷின் எல்லாத்துக்கும் உத்தரவு போடற விண்டோஸ் வசதி. அதுல சிக்கற இடம் மூணு. எம்எஸ்ஐ ஃபைலுக்கு சர்வரோட டி டிரைவ் பாதையைக் கொடுப்பாங்க. கிளையன்ட் மெஷின் அதைத் தன்னோட டி டிரைவ்ல தேடும், கிடைக்காது. ரெண்டு பேக்ஸ்லாஷ்ல ஆரம்பிக்கற நெட்வொர்க் ஷேர் பாதைதான் வேணும். அப்புறம், இன்ஸ்டால் நடக்கறது மெஷின் ஆன் ஆகும்போது, யாரும் லாகின் பண்றதுக்கு முன்னாடி. அதனால ஷேர்ல படிக்கற அனுமதி ஆளுங்களுக்கு மட்டும் இருந்தா பத்தாது, கம்ப்யூட்டர் அக்கவுன்ட்டுக்கும் இருக்கணும். மூணாவது, சில சமயம் முதல் ரீஸ்டார்ட்ல வராது, ரெண்டாவதுலதான் வரும். நெட்வொர்க் எழுந்து வர்றதுக்குள்ள விண்டோஸ் லாகின் ஸ்க்ரீனைக் காட்டி முடிச்சிருக்கும். சர்வர் அட்ரஸை ஏஜென்ட்டுக்குச் சொல்ல, ரெடிமேடா ஒரு ஸ்டார்ட்அப் ஸ்க்ரிப்ட்டை ஏஜென்ட் தயாரிக்கறவங்களே கொடுக்கறாங்க. நான் அதைத்தான் எடுத்துக்குவேன்.

இன்ஸ்டாலேஷன் அவ்வளவுதான். இனிமேதான் எனக்குப் பிடிச்ச இடம். ஸ்கிப் பண்ணாதீங்க.

(ஸ்க்ரீன்: ஜிஎல்பிஐல ஒரு மானிட்டர் பக்கம். கேமரா மெதுவா ஜூம்.)

ஏஜென்ட் ஓடி முடிச்சதும் கம்ப்யூட்டரோட சேர்ந்து மானிட்டரும் லிஸ்ட்ல வரும். நம்ம மானிட்டர்ல எதையும் இன்ஸ்டால் பண்ணலையே, அப்புறம் எப்படி அதோட மாடல், தயாரான வருஷம், வாரம் வரைக்கும் வருது?

மானிட்டர் கேபிள் வழியா கம்ப்யூட்டருக்கு ஒரு ஜாதகம் அனுப்புது. அதுக்குப் பேரு எடிட். வீடியோ எடிட்டிங் இல்ல, இ-டி-ஐ-டி. அடிப்படை அளவு 128 பைட். ஒரு எஸ்எம்எஸ் அளவு கூட இல்ல. அதுக்குள்ள பிறந்த வருஷத்துக்கு ஒரே பைட். ஒரு பைட்ல 255 வரைக்கும்தான் எழுத முடியும், 2019-னு எப்படி எழுதறது? 1990-ல இருந்து எத்தனாவது வருஷம்னு எழுதறாங்க. 29-னு இருந்தா 2019. இந்தக் கணக்கு 2245 வரைக்கும் தாங்கும். அதுவரைக்கும் இந்த சேனலை சப்ஸ்க்ரைப் பண்ணி வெச்சிருங்க.

இன்னும் இருக்கு. தயாரிச்சவங்க பேருக்கு ரெண்டே பைட், அதுல மூணு ஆங்கில எழுத்து. ஒரு எழுத்துக்கு 5 பிட். 26 எழுத்துக்கு 5 பிட் தாராளம், 32 இடம் இருக்கே. நம்ம தமிழுக்குப் பத்தாது. 247 எழுத்துக்கு 8 பிட் வேணும், போட்டா 256 இடம், அப்பவும் 9 இடம் மிச்சம். இந்தக் கணக்கைப் போட்டுப் பார்த்துட்டு நான் தனியா உட்கார்ந்து சிரிச்சேன், என் மனைவி கதவைச் சாத்திட்டுப் போயிட்டாங்க.

டெல் மானிட்டர்னா அந்த மூணு எழுத்து டி-இ-எல். சாம்சங்னா எஸ்-ஏ-எம். எல்ஜி மானிட்டர்? எல்ஜின்னு இருக்காது. ஜி-எஸ்-எம்னு இருக்கும். முதல் தடவை பார்த்தப்போ செல்ஃபோன் சிக்னல் சமாச்சாரம்னு நினைச்சேன். இல்ல. அது கோல்ட்ஸ்டார். 1958-ல தென்கொரியாவுல ஆரம்பிச்ச கம்பெனி. 1995-ல பேரை எல்ஜின்னு மாத்திட்டாங்க. ஆனா மானிட்டருக்குள்ள இருக்கற கோடு மாறல. இன்னைக்குப் புதுசா வாங்கற எல்ஜி மானிட்டரும் கேபிளுக்குள்ள ரகசியமா "நான் கோல்ட்ஸ்டார்"னுதான் சொல்லுது.

நமக்கு இது புதுசா என்ன? எல்ஜி பேர் மாத்தி அடுத்த வருஷமே, 1996-ல, மெட்ராஸ் சென்னை ஆச்சு. சென்ட்ரல் ஸ்டேஷன் பேரும் அதுக்கப்புறம் மாறிட்டே வந்தது. டிக்கெட்டை எடுத்துப் பாருங்க, ஸ்டேஷன் கோடு எம்-ஏ-எஸ். மெட்ராஸ்! போர்டு மாத்தறது சுலபம், கோடு மாத்தறதுதான் கஷ்டம். அந்த மூணு எழுத்தை நம்பி எத்தனை சிஸ்டம் ஓடுதோ, யார் தொடுவாங்க?

இன்டெல்லும் இப்படித்தான். இன்டெல்லோட பெரும்பாலான சிப்பைக் கேட்டா தயாரிப்பாளர் எண் 8086-னு சொல்லும். 1978-ல வந்த அவங்களோட ப்ராசஸர் பேரு அது. குலதெய்வம் பேரைப் பேரப்புள்ளைங்க எல்லாருக்கும் வைக்கற குடும்பம்.

(கொஞ்சம் இறங்கின குரல்ல.)

ஆனா ஜாதகத்துல பொய்யும் இருக்கும். சில மானிட்டர்ல சீரியல் எண் 16843009-னு வரும். பார்க்க நிஜ நம்பர் மாதிரியே இருக்கு இல்ல? நாலு பைட்லயும் 1, 1, 1, 1-னு போட்டு நிரப்பினா வர்ற எண் அது. ஃபேக்டரியில யாரோ காலி இடத்தை ரொப்பி வெச்சிருக்காங்க.

இப்ப அந்த ஆடிட்டர் கதைக்கு வர்றேன். கம்ப்யூட்டரோட சீரியல் நம்பர் மதர்போர்டு பயாஸ்ல, அதாவது மெஷின் ஆன் ஆனதும் முதல்ல ஓடற புரோகிராம்ல, இருக்கற ஒரு பட்டியல்ல இருந்து வருது. பிராண்டட் மெஷின்னா கம்பெனியே ஃபேக்டரியில அதை எழுதிடும். ரிச்சி ஸ்ட்ரீட்ல போர்டு தனியா, கேபினெட் தனியா, ரேம் தனியா வாங்கிக் கடையில சேர்க்கிற மெஷின்ல யாரு எழுதறது? போர்டு கம்பெனி "தயாரிப்பாளர் நிரப்பிக்கணும்"னு விட்டுடும். அங்க தயாரிப்பாளர் யாரு? ஸ்க்ரூடிரைவர் பிடிச்ச அண்ணன். அவர் பில்லையே நிரப்ப மாட்டார், பயாஸையா நிரப்பப் போறார்?

இதனால பெரிய கூத்து என்னன்னா, சீரியல் நம்பரை வெச்சு மெஷினை அடையாளம் பார்க்கற டூல்னா, ஏழு மெஷினும் ஒரே மெஷின்னு நினைச்சுக்கும். நாங்க அப்ப வெச்சிருந்த ஒரு பழைய டூல்ல அப்படித்தான் ஆச்சு. காலையில அந்த மெஷின் பேரு அக்கவுன்ட்ஸ், மத்தியானம் ரிசப்ஷன், சாயங்காலம் ஸ்டோர். ரேம் நாலு ஜிபி, எட்டு ஜிபி, மறுபடி நாலு. பேய் பிடிச்ச மாதிரி. ஜிஎல்பிஐல இதுக்கு ஒரு தடைப்பட்டியல் முன்கூட்டியே இருக்கு. "டு பி ஃபில்டு" மாதிரி போலிப் பதில்களை சீரியல்னு ஏத்துக்காம மத்த அடையாளங்களைப் பார்க்கும். உங்க ஊர் போர்டுல புதுசா ஏதாவது போலி வந்தா அந்தப் பட்டியல்ல நீங்களே சேர்த்துக்கலாம். கூடவே மார்க்கர் எடுத்து கேபினெட் மேல ஒரு நம்பர் எழுதுங்க. சிரிக்காதீங்க, நான் இன்னும் எழுதறேன்.

சாஃப்ட்வேர் லிஸ்ட் பத்தி ஒரு எச்சரிக்கை. ஏஜென்ட் டிஸ்க்ல இருக்கற ஃபைலை எல்லாம் துழாவறதில்ல. விண்டோஸ் தன்னோட செட்டிங்ஸை எழுதி வைக்கற ரெஜிஸ்ட்ரியில அன்இன்ஸ்டால் பட்டியல் இருக்கு, அதைப் படிக்குது. அதனால பென்டிரைவ்ல இருந்து நேரா ஓடற சாஃப்ட்வேர் வராது. 2021 டிசம்பர்ல லாக்ஃபோர்ஜேங்கற ஜாவா லைப்ரரியில ஓட்டைன்னு உலகமே அலறுச்சே, அது பெரும்பாலும் வேற அப்ளிகேஷனோட வயித்துக்குள்ள இருந்தது, இந்த லிஸ்ட்ல அதுவும் தெரியாது. "சரி, நானே விண்டோஸைக் கேட்டு ஒரு ஸ்க்ரிப்ட் எழுதறேன்"னு வின்32 ப்ராடக்ட்னு ஒரு வழி இருக்கு, அந்தப் பக்கம் போகாதீங்க. என்ன இருக்குன்னு கேட்டா, எம்எஸ்ஐ வழியா இன்ஸ்டால் ஆன ஒவ்வொண்ணையும் எடுத்து சரியா இருக்கான்னு செக் பண்ணி, தேவைப்பட்டா ரிப்பேரும் பண்ண ஆரம்பிச்சிடும். வீட்ல எத்தனை பாத்திரம் இருக்குன்னு கேட்டா எல்லாத்தையும் இறக்கித் துலக்கி வைக்கற ஆள்.

கடைசியா, ஆஃபீஸ்ல ஒருத்தர் கண்டிப்பா கேட்பார்: "நான் என்ன பண்றேன்னு பார்க்கறீங்களா?" ஏஜென்ட் உங்க டாக்குமென்ட்டைப் படிக்காது, பிரவுசர் ஹிஸ்டரியை எடுக்காது. ஆனா லாகின் பண்ணினவரோட யூசர்நேம் போகும், இன்ஸ்டால் பண்ணின சாஃப்ட்வேர் பேரு போகும். ஒண்ணுமே போகாதுன்னு பொய் சொல்லாதீங்க. சர்வருக்கு அனுப்பறதுக்குப் பதிலா ஃபைலா எழுதச் சொல்ற வசதி ஏஜென்ட்ல இருக்கு. அந்த ஃபைலை எடுத்து அவர் முன்னாடியே திறந்து காட்டுங்க. நான் காட்டினப்போ ஒரு அக்கா முழுசா உருட்டிப் பார்த்துட்டு, "அட, என் மெஷின்ல நாலு ஜிபி ரேம்தானா? அதான் இவ்வளவு ஸ்லோவா?"ன்னு கேட்டாங்க. அடுத்த வாரமே ரேம் கேட்டு லெட்டர் வந்துடுச்சு, என் மேனேஜருக்கு.

இப்ப உங்களுக்கு வேலை. பவர்ஷெல் திறந்து, ஸ்க்ரீன்ல ஓடற இந்தக் கமாண்டைப் போடுங்க. உங்க மானிட்டர் பிறந்த வருஷமும் வாரமும் வரும். கமெண்ட்ல எழுதுங்க. இருக்கறதுலயே வயசான மானிட்டருக்கு அடுத்த வீடியோவுல பிறந்தநாள் வாழ்த்து சொல்றேன். என்னோடது 2011, 34-வது வாரம். ஜி-எஸ்-எம்.

(ஸ்க்ரீன்ல கமாண்ட். பின்னாடி மானிட்டர் மேல ஒரு மாலை.)