மித்தி ஆறா, நாலாவா?

அடுத்த கேள்வி மும்பை தாராவி 90 அடி ரோட்டிலிருந்து ஒரு தங்கை அனுப்பியது. "அண்ணா, மகளுக்குப் பள்ளியில் 'எங்கள் ஊர் ஆறு' என்று எழுதச் சொன்னார்கள். அவள் தாமிரபரணியைப் பற்றி எழுதிக்கொண்டு போனாள். நீ இருக்கிற ஊரின் ஆற்றை எழுது என்று டீச்சர் திருப்பிக் கொடுத்துவிட்டார். இங்கே இருப்பது மித்தி நாலாதானே, வெறும் சாக்கடைக் கால்வாய், அதில் எழுத என்ன இருக்கிறது?"

தங்கச்சி, அது ஆறுதான். தாமிரபரணிக்குப் பொதிகை இருப்பதுபோல் மித்திக்கும் மலை உண்டு. போரிவலி பக்கம் நேஷனல் பார்க் இருக்கிறதே, அந்தக் குன்றுகளில் விழும் மழைதான் விஹார் ஏரிக்கும் பவாய் ஏரிக்கும் வருகிறது. இரண்டும் நிரம்பி வழிந்து சேர்ந்தால் மித்தி. ஆரே காலனி, மரோல், சாகி நாக்கா, விமான நிலையம், குர்லா, பிகேசி என்கிற பாந்த்ரா-குர்லா காம்ப்ளெக்ஸ், தாராவி என்று சுமார் 18 கிலோமீட்டர் ஓடி மாஹிமில் கடலில் சேர்கிறது.

பெயருக்கு இனிப்பு என்று பொருள் சொல்வார்கள். நாம் நல்ல தண்ணி, உப்புத் தண்ணி என்று பிரித்துச் சொல்கிறோம் இல்லையா, அதில் நல்ல தண்ணி என்று வைத்துக்கொள்ளுங்கள். அந்த நல்ல தண்ணி எங்கே போனது? நம் குழாய்களுக்குப் போனது. விஹார் அணையை 1860 இல் கட்டி முடித்தார்கள். பம்பாய்க்குக் குழாயில் முதலில் வந்த தண்ணீர் அதுதான், இன்றைக்கும் அங்கிருந்து எடுக்கிறார்கள். பவாயை 1891 இல் கட்டினார்கள், அந்தத் தண்ணீர் குடிக்க லாயக்கில்லாமல் போனது வேறு கதை. ஆக, மழைக்காலத்தில் ஏரி நிரம்பி வழிந்தால்தான் மித்திக்கு மலைத் தண்ணீர். மற்ற மாதங்களில் மேலே இருந்து வருவது பெரும்பாலும் நம் வீட்டுச் சாக்கடையும் பட்டறைக் கழிவும்தான். ஆற்றின் நல்ல தண்ணீரை நாம் எடுத்துக்கொண்டு, நம் கழிவை அதற்குக் கொடுத்துவிட்டு, அதை நாலா என்கிறோம். எனக்கு மனசு வலிக்கிற இடம் இதுதான்.

ஊரும் அதை நெருக்கிவிட்டது. விமான நிலையத்தில் ஓடுபாதைக்கு அடியில் நுழைந்து, செங்கோணத்தில் மடங்கி மடங்கிப் போகிறது. பிகேசி பக்கம் சதுப்பில் மண்ணைக் கொட்டி மேடாக்கினார்கள். அப்புறம் 2005 ஜூலை 26. அன்றைக்கு ஒரே நாளில் சாந்தாக்ரூஸில் 944 மில்லிமீட்டர் மழை, ஊரின் தெற்கு முனையான கொலாபாவில் 73 தான். அதாவது மித்தியின் தலைமாட்டிலும் வழியிலும் கொட்டித் தீர்த்தது. பிற்பகலில் கடலும் ஏறி நின்றதால், வந்த தண்ணீர் வடிய வழியில்லை. எங்கள் வீட்டில் இடுப்பளவு தண்ணீர். பீரோ மிதந்து வந்து கதவை அடைத்துக்கொண்டது, ஜன்னல் வழியாகத்தான் பாட்டியை வெளியே எடுத்தோம். மித்தி ஆறுதான் என்று அன்றைக்குத்தான் எங்கள் சால், அதாவது வரிசை வீட்டுக் குடியிருப்பு, முழுக்கப் புரிந்தது.

சரி, வரலாறு. இப்போது தாராவியில் காலா கில்லா (கறுப்புக் கோட்டை) என்றால் பஸ் டெப்போதான் நினைவுக்கு வரும். அதன் பக்கத்தில் நிஜமாகவே ஒரு கறுத்த கோட்டை இருக்கிறது. 1737 இல் கட்டியதாக அதன் சுவரில் கல்வெட்டு உண்டு. அந்தக் காலத்தில் இக்கரை ஆங்கிலேயர் கையில், அக்கரை சால்செட் தீவு 1730கள் வரை போர்த்துகீசியர் கையில். மித்தி அன்றைக்கு எல்லைக்கோடு. மாஹிமுக்கும் பாந்த்ராவுக்கும் 1845 வரை படகில்தான் போனார்கள், அதற்கப்புறம்தான் காஸ்வே, அதாவது தண்ணீருக்குக் குறுக்கே மேடாக்கிய சாலை, வந்தது. தாராவியே கோலி மீனவர்களின் ஊர்தான். நம் திருநெல்வேலி ஆட்கள் தோல் பதனிடப் பிற்பாடு வந்தவர்கள்.

உயிரினங்களைப் பற்றி மகள் தாராளமாக எழுதலாம். மேலே ஆரேயில் சிறுத்தை நடமாடுகிறது, பவாய் ஏரியில் முதலை இருக்கிறது. கீழே உங்கள் வீட்டிலிருந்து நடக்கிற தூரத்தில் மகாராஷ்டிரா நேச்சர் பார்க். 37 ஏக்கர், முன்பு ஊர்க் குப்பையைக் கொட்டிய இடம். குப்பை மேட்டில் மரம் நட்டு வளர்த்து 1994 இல் திறந்தார்கள். அதன் ஓரமாகவே மித்தியும் அலையாத்திக் காடும். அங்கே வெண்கண்டல் இலையைத் திருப்பிப் பார்க்கச் சொல்லுங்கள். விரலால் தடவினால் பொடிப்பொடியாக உப்பு ஒட்டும். வேர் வழியே உள்ளே வந்த உப்பை மரம் இலை வழியே வெளியே தள்ளுகிறது. அடியில் சேற்றிலிருந்து பென்சில் நட்டதுபோல் ஆயிரக்கணக்கில் குச்சிகள் நீட்டிக்கொண்டிருக்கும், அவை மூச்சு விடும் வேர்கள். சேற்றுக்குள் காற்றே கிடையாது, அதனால் வேர் மேலே வந்து மூச்சு வாங்குகிறது.

கடல் வற்றுகிற நேரம் பார்த்துப் போங்கள். கோலிக்காரர்கள் ஓட்டி என்பார்கள். அப்போதுதான் சேறு வெளியே தெரியும், கொக்கும் மடையானும் இறங்கும். மழைக்காலத்தில் கரைப்பக்கம் கூட்டிப் போக வேண்டாம், தண்ணீர் சட்டென்று ஏறும். வேரையும் இலையையும் மகளையே படம் வரையச் சொல்லுங்கள். வரைந்ததை எனக்கும் அனுப்புங்கள், அடுத்த வீடியோவில் காட்டுகிறேன்.